அண்ணாந்து பார்க்காத ஊர்

சென்னையின் பழைய கட்டடங்களைச் சைக்கிளில் சுற்றிக் காட்டும் குழுக்கள் இப்போது சில இருக்கின்றன. ஞாயிற்றுக்கிழமை, பால் வண்டிகள் ஓடும் நேரத்தில் கூடுகிறார்கள். முன்னால் ஒரு வழிகாட்டி, பின்னால் பத்துப் பதினைந்து சைக்கிள்கள். போக்குவரத்து நெரிசல் தொடங்குவதற்குள் கடற்கரைச் சாலை, அண்ணா சாலை, பாரிமுனை என்று ஒரு வட்டம் முடிந்துவிடும். வெளியூர்ப் பயணிகளுக்கு வழிகாட்டி தேவைப்படுவது இயல்பு. இந்த ஊரிலேயே பிறந்து, பள்ளிக்கும் வேலைக்கும் இதே சாலைகளில் ஆயுள் முழுக்கப் போய்வந்த நமக்கும் அவர் தேவைப்படுகிறார். வழிகாட்டி சைக்கிளை ஓரங்கட்டி, கையைத் தூக்கி மேலே காட்டிய பிறகுதான் நம்மில் பலர் செனட் இல்லத்தின் கோபுரங்களை முதன்முதலாகப் பார்க்கிறோம். இதை நாம் எல்லோரும் சேர்ந்து ஒப்புக்கொள்ள வேண்டும்.

நாம் பார்த்துப் பழகியதெல்லாம் கடைப் பலகை உயரம் வரைக்கும்தான். அதற்கு மேலே இருக்கும் வளைவுகள், மாடங்கள், சுடுமண் பூவேலைகள், வண்ணக் கண்ணாடிகள் எதுவும் நம் கணக்கில் இல்லை. பேருந்து ஜன்னலில் கட்டடத்தின் பாதிதான் தெரியும். ஸ்கூட்டரில் போகிறவர் கண் முன்னால் போகும் வண்டியின் மேல்தான் இருக்கும். சைக்கிளில் அண்ணாந்து பார்க்கலாம், நினைத்த இடத்தில் காலை ஊன்றி நிற்கலாம். ஒரு கட்டடத்தின் முகப்பை முழுதாகப் பார்க்க எவ்வளவு நேரம் வேண்டுமோ அவ்வளவு நேரம் அது தருகிறது. அந்த நேரத்தை நாம் இந்த நகரத்துக்குக் கொடுத்ததே இல்லை.

செனட் இல்லத்திலேயே தொடங்கலாம். ராபர்ட் ஃபெல்லோஸ் சிஷோம் வடிவமைத்து, 1874 முதல் 1879 வரை கட்டப்பட்ட பல்கலைக்கழக மண்டபம் அது. 1937இல் புதிதாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட சென்னை மாகாணச் சட்டமன்றம் முதலில் கூடியது அங்கேதான். பல்கலைக்கழகத்தின் 150ஆவது ஆண்டையொட்டிப் பெரும் செலவில் அதைப் புதுப்பித்தார்கள். அதன் பிறகும் நெடுங்காலம் பூட்டியே கிடந்தது. அந்தப் பல்கலைக்கழகத்தில் பட்டம் வாங்கியவர்கள் லட்சக்கணக்கில் இருக்கிறோம். கதவைத் திறந்து காட்டுங்கள் என்று நம்மில் எத்தனை பேர் ஒரு கடிதம் எழுதினோம்?

அங்கிருந்து சைக்கிளில் சில நிமிடம். சேப்பாக்கம் அரண்மனை, ஆர்க்காட்டு நவாப் முகமது அலி வாலாஜாவுக்காக 1768இல் கட்டப்பட்டது. இந்தோ-சாரசெனிக் என்று பின்னாளில் பெயர் பெற்ற கட்டடப் பாணியின் முன்னோடிகளில் ஒன்றாக அறிஞர்கள் அதைக் குறிப்பிடுகிறார்கள். நவாப் பரம்பரையின் ஆட்சிப் பட்டம் 1855இல் முடிவுக்கு வந்ததும் அரசு அரண்மனையை ஏலத்தில் எடுத்தது. அலுவலகங்கள் வந்தன. நாளடைவில் கடற்கரைப் பக்கம் புதிய கட்டடங்கள் எழும்பி அதை மறைத்தன. மெரினாவில் சுண்டல் சாப்பிட்டுக்கொண்டு நிற்கும் குடும்பங்களுக்கு, எதிரே எழிலகத்துக்குப் பின்னால் ஓர் அரண்மனை இருக்கிறது என்பதே தெரியாது. நாம் சொல்லித் தந்ததில்லை.

2012 ஜனவரியில் அந்த அரண்மனையின் கலச மகால் தீப்பிடித்து எரிந்தது. தீயை அணைக்கப் போனவர்களில் ஒருவர் இடிபாட்டில் உயிரிழந்தார். இருநூறு ஆண்டுக்கும் மேற்பட்ட மரக்கூரையின் கீழ் காகிதக் கோப்புகள், பிளைவுட் தடுப்புகள், தாறுமாறான மின் ஒயர்கள்: பழைய கட்டடங்களில் இயங்கும் நம் அலுவலகங்களின் வழக்கமான காட்சி இது. அந்த மேசைகளில் உட்கார்ந்து வேலை பார்த்தவர்கள் நம் வீட்டு மனிதர்கள்தான். நம் அப்பாக்கள், அத்தைகள், நண்பர்கள். ஓய்வுபெறும் வயது வரை ஓர் அரண்மனைக்குள் உட்கார்ந்திருந்தோம். அது எரிந்த பிறகுதான் அரண்மனை என்று செய்தித்தாளில் படித்தோம்.

ஆனால், நல்லதும் அங்கேதான் நடந்தது. பொதுப்பணித் துறையின் பாரம்பரியப் பிரிவு கலச மகாலைச் சுண்ணாம்புக் காரை கொண்டு மீட்டெடுத்தது. சிமெண்டை ஒதுக்கி, கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீரில் சுண்ணாம்பைப் பக்குவப்படுத்தும் பழைய முறைக்குத் திரும்பினார்கள். இன்று அங்கே தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு நடக்கிறது. பக்கத்திலிருந்த ஹுமாயூன் மகாலும் மீண்டது. முடியாது என்று நாம் கைவிட்டதெல்லாம் முடியும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம்.

அந்தச் சுண்ணாம்பு விஷயத்தில் நம் அலட்சியம் இன்னும் ஆழமானது. கிளிஞ்சலைச் சுட்டு, அரைத்து, பூசித் தேய்த்துத் தேய்த்துப் பளிங்குபோல் பளபளக்கச் செய்யும் மெட்ராஸ் சுண்ணாம்புப் பூச்சு ஒரு காலத்தில் கடல் கடந்து புகழ்பெற்றிருந்தது. அதேபோல் மரச்சட்டங்களின் மேல் மெல்லிய செங்கற்களைச் சாய்கோணத்தில் குத்தி நிறுத்தி, சுண்ணாம்பும் ஜல்லியும் போட்டு இடித்து எழுப்பும் மாடித்தளத்துக்கு மெட்ராஸ் டெரஸ் என்று இந்த ஊரின் பெயரையே வைத்தார்கள். இன்று அந்த வேலை தெரிந்த கொத்தனாரைத் தேட வேண்டியிருக்கிறது. கட்டடப் பொறியியல் படிக்கும் நம் பிள்ளைகள் பெரும்பாலும் சிமெண்டும் கம்பியும் மட்டுமே படித்து வெளியே வருகிறார்கள். அதன் விளைவைச் சுவர்களில் பார்க்கலாம். சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை வாங்கி வெளியே விடும் தன்மை கொண்டது. அதன் மேல் சிமெண்டைப் பூசினால் ஈரம் உள்ளேயே தங்கி, உப்புப் பூத்து, செங்கல் பொடிந்து, பூச்சு பாளம் பாளமாக விழும். விழுந்த இடத்தைப் பார்த்து, கட்டடத்துக்கு வயதாகிவிட்டது என்று எழுதிவிடுகிறோம். ‘பழுதடைந்தது’ என்ற முத்திரை குத்தப்பட்ட பல கட்டடங்களைப் பழுதாக்கியதே நம் பராமரிப்புதான்.

‘வெள்ளைக்காரன் கட்டினது, அது நமக்கெதுக்கு?’ என்று ஒரு சமாதானம் நம்மிடம் உண்டு. படித்தவர்களும் சொல்கிறோம். காலனி ஆட்சியின் கொடுமைகளை மறக்கச் சொல்லி நான் கேட்கவில்லை. ராஜாஜி மண்டபமே பிளாசி, ஸ்ரீரங்கப்பட்டினம் வெற்றிகளைக் கொண்டாட எழுந்ததுதான். ஆனால் அந்தச் சமாதானத்தில் உண்மை பாதிகூட இல்லை. சிஷோம் மதுரைத் திருமலை நாயக்கர் மகாலைச் சீரமைக்கும் பணியில் ஈடுபட்டு, அதைக் கூர்ந்து படித்தவர். 1884இல் திறக்கப்பட்ட பொது அஞ்சல் அலுவலகத்தின் கூரையைப் பாருங்கள். திருவிதாங்கூர்க் கட்டடங்களின் சாயல் தெரியும். நம்மூர்ப் பழைய கட்டடங்களை அந்த அந்நியர் படித்த அளவுக்கு நாம் படிக்கவில்லை என்பதுதான் நேர்மையான வாக்கியம்.

கட்டிய கைகள் யாருடையவை? 1892இல் திறக்கப்பட்ட உயர் நீதிமன்றத்தை ஹென்றி இர்வின் வடிவமைத்தார் என்பது தகவல் பலகைகளில் இருக்கிறது. அந்தச் செங்கல் கடலை அடுக்கி நிறுத்திய ஒப்பந்தக்காரர் தாட்டிகொண்ட நம்பெருமாள் செட்டி. சட்டக் கல்லூரியும் விக்டோரியா பொது மண்டபமும், எழும்பூர் அருங்காட்சியக வளாகத்தின் தேசியக் கலைக்கூடமும் அவர் கட்டியவை. கணித மேதை ராமானுஜன் தன் கடைசி நாட்களைக் கழித்ததும் சேத்துப்பட்டில் அவருக்குச் சொந்தமான வீட்டில்தான். 1908இல் திறந்த எழும்பூர் ரயில் நிலையத்தைக் கட்டியவர் சாமிநாத பிள்ளை. 1913இல் திறந்த ரிப்பன் மாளிகையைக் கட்டியவர் லோகநாத முதலியார். இந்த மூன்று பெயர்களை நம் பாடநூல்களில் படித்த நினைவு உண்டா? இவர்களுக்குக் கீழே மேஸ்திரிகளும் கொத்தனார்களும் தச்சர்களும் சித்தாள் பெண்களும் ஆயிரக்கணக்கில் இருந்தார்கள். அவர்கள் பெயர்கள் எங்குமே இல்லை. சோழர் கோயிலைக் கட்டிய தச்சனின் பெயரைக் கல்வெட்டில் படித்துப் பெருமைப்படுகிற நாம், நூறு ஆண்டுக்கு முந்தைய நம் ஊர்த் தொழிலாளியின் பெயரைத் தொலைத்துவிட்டோம். அவர்கள் பேரப்பிள்ளைகள் உயிரோடிருந்த காலத்தில் யாராவது வீடு வீடாகப் போய்க் கேட்டிருக்கலாம். பத்திரிகையில் எழுதுகிறவர்கள் செய்திருக்க வேண்டிய வேலை அது. சினிமாவுக்கு வாராவாரம் விமர்சனம் எழுதிய நம் இதழ்கள், ஒரு கட்டடத்தைப் பற்றி ஆண்டுக்கு ஒரு பக்கம் ஒதுக்கியிருந்தால்கூட இன்று ஒரு நூலகமே சேர்ந்திருக்கும். எஸ். முத்தையாவைப் போன்ற சிலர் ஆங்கிலத்தில் ஆண்டுக்கணக்காக எழுதினார்கள். தமிழில் அந்த இடம் பெரிதும் காலியாகவே இருந்தது.

அண்ணா சாலையில் சைக்கிள்கள் கட்டாயம் நிற்கும் ஓர் இடம், பாரத் இன்சூரன்ஸ் கட்டடம். ஜே.எச். ஸ்டீபன்ஸ் வடிவமைப்பில் 1897இல் எழுந்தது, டபிள்யூ.ஈ. ஸ்மித் என்ற மருந்து வணிகர் கட்டிக்கொண்டது. கூரான குவிமாடங்களும் உயர்ந்த கோபுரங்களும் கொண்ட அந்தச் சிவப்புக் கட்டடத்தை 2006இல் இடிக்கத் தொடங்கினார்கள். பாரம்பரியப் பாதுகாப்புக்காக இயங்கும் இன்டாக் அமைப்பு நீதிமன்றம் போய்த் தடுத்தது. இடிக்கக் கூடாது என்று 2010இல் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தீர்ப்பு வந்ததும் நாம் வெற்றி என்று எழுதிவிட்டுக் கலைந்துபோனோம். அதன் பிறகு எத்தனையோ மழைக்காலங்கள் அந்தக் கூரையில் இறங்கின. விரிசல்களில் அரசங்கன்றுகள் முளைத்து வேர்விட்டன. தினமும் அதே நடைபாதையில் ரிச்சி தெருவுக்கு மெமரி கார்டு வாங்கப் போகிறோம். இடிப்பதை எதிர்க்க ஆள் கிடைக்கிறார்கள். இடியாமல் நிற்பதைப் பேண நாம் கிடைப்பதில்லை. ஆர்மேனியன் தெருவில், அன்னி பெசன்ட் காலத்தில் 1915இல் எழுந்து ஹோம் ரூல் இயக்கத்தின் குரல் ஒலித்த கோகலே மண்டபமும் பாதி இடிபட்ட நிலையில் ஆண்டுக்கணக்காக நின்றது.

மூர் மார்க்கெட்டை நினைக்கும்போது வேறொரு குறையும் தெரிகிறது. 1900இல் திறந்த அந்தச் சிவப்பு அங்காடி 1985 மே மாதம் எரிந்தது. பழைய புத்தகக் கடைகள் போனதற்காக நாம் உண்மையாகவே அழுதோம். இன்றும் கட்டுரைகளில் அழுகிறோம். புத்தகங்களுக்கு நிழல் தந்த வளைவுகளுக்காகக் குரல் கொடுத்தவர்கள் மிகக் குறைவு. அந்த மனையில் புறநகர் ரயில் நிலையக் கட்டடம் எழுந்தது.

குரல் கொடுத்தவர்கள் இல்லாமலில்லை. 2003இல் ராணி மேரிக் கல்லூரியை அகற்றி அங்கே தலைமைச் செயலகம் கட்டத் திட்டமிட்டபோது, மாணவிகள் வளாகத்துக்குள் இரவு பகலாக உட்கார்ந்து போராடினார்கள். கல்லூரி தப்பியது. பதினெட்டு, பத்தொன்பது வயதுப் பெண்கள் செய்ததை, வீட்டில் தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்த நாம் அதற்குப் பிறகும் செய்யவில்லை. நீதிமன்றம் அமைத்த குழு நானூறுக்கும் மேற்பட்ட பாரம்பரியக் கட்டடங்களைப் பட்டியலிட்டது. 2012இல் தமிழ்நாடு பாரம்பரிய ஆணையச் சட்டம் இயற்றப்பட்டது. அது நடைமுறைக்கு வரப் பத்தாண்டுக்கும் மேலாயிற்று. அந்தப் பத்தாண்டில் எத்தனை தேர்தல்கள் வந்தன! வாக்குக் கேட்டு வாசலுக்கு வந்த ஒருவரிடமாவது இதைப் பற்றிக் கேட்டோமா?

அரசைக் குற்றம் சொல்வதோடு இது முடிந்தால் அது சுயவிமர்சனம் ஆகாது. திருவல்லிக்கேணியிலும் மயிலாப்பூரிலும் ஜார்ஜ் டவுனிலும் நம் தாத்தாக்கள் கட்டிய வீடுகள் இருந்தன. திண்ணை, ரேழி, கூடம், நடுவே வானம் பார்த்த முற்றம். சைக்கிள் சுற்றுலாக்கள் கடைசியாக நுழையும் சந்துகள் இவைதான். காட்ட மிஞ்சியிருப்பவை வரவரக் குறைகின்றன. அவற்றை இடித்தவர்கள் நாம். நாலு பங்காளிக்கு ஒரு வீட்டைப் பிரிக்க முடியாது, பில்டரிடம் கொடுத்தால் ஆளுக்கொரு ஃபிளாட் வரும் என்ற கணக்கு நியாயமானதுதான். பழைய வீட்டைப் பராமரிக்கும் செலவு ஒரு நடுத்தரக் குடும்பத்துக்குக் கழுத்தை நெரிக்கும். ஆனால் அந்தக் குடும்பத்துக்கு வரிச்சலுகை வேண்டும், பழுதுபார்க்கக் கடன் வேண்டும் என்று நாம் கூட்டாக ஒரு முறையாவது கேட்டிருந்தால், வேறு வழியே இல்லை என்று இன்று சொல்லிக்கொள்ளலாம். கேட்கவில்லை. பர்மா தேக்குத் தூண்களைப் பழைய மரக்கடைக்காரர் ஏற்றிக்கொண்டு போனார். இடிப்பதற்கு முன் ஒரு புகைப்படம் எடுத்து வைத்த குடும்பங்கள்கூடக் குறைவு.

பள்ளிகளையும் சொல்ல வேண்டும். சென்னைப் பிள்ளைகள் சுற்றுலா என்றால் வண்டலூருக்கும் கேளிக்கைப் பூங்காக்களுக்கும் போகிறார்கள். உயர் நீதிமன்றக் கோபுரத்தில் 1894 முதல் 1977 வரை கலங்கரை விளக்கு எரிந்தது, 1914 செப்டம்பரில் எம்டன் கப்பல் இந்தக் கடற்கரையைத்தான் குண்டு வீசித் தாக்கியது என்று அந்தச் சுவரருகில் நிறுத்திச் சொன்னால் எந்தப் பத்து வயதுப் பிள்ளையும் கண் விரித்துக் கேட்கும். ஆசிரியர்களான நாமும் பெற்றோரான நாமும் அழைத்துப் போகவில்லை.

இனிச் செய்யக்கூடியவை பெரிய காரியங்கள் அல்ல. உங்கள் தெருவிலோ பக்கத்துத் தெருவிலோ ஒரு பழைய வீடு நின்றால், ஒரு ஞாயிறு காலை பிள்ளையை அழைத்துக்கொண்டு போய் அதன் சொந்தக்காரரைப் பாருங்கள். எந்த ஆண்டு கட்டியது, மேஸ்திரி யார், மரம் எங்கிருந்து வந்தது என்று கேளுங்கள். சொல்வதைத் தமிழில் எழுதி, தேதியும் போட்டு, படமும் எடுத்து வையுங்கள். அந்த வீட்டில் ஒழுகும் இடம் இருந்தால், சுண்ணாம்பு வேலை தெரிந்த கொத்தனார் யாரென்று விசாரித்துச் சொந்தக்காரருக்குச் சொல்லுங்கள். அடுத்த முறை வார்டு கவுன்சிலர் உங்கள் வாசலுக்கு வரும்போது, சாலை, சாக்கடை, குடிநீரோடு சேர்த்து அந்த வீட்டின் கதவிலக்கத்தையும் சொல்லிக் கேளுங்கள்.