சுளகு பிடிக்கப் பழகுதல்

நெல் அவிக்க நாள் பார்க்க வேண்டும். பஞ்சாங்கத்து நாள் இல்லை, வெயில் நாள். ஊறப்போட்ட நெல்லை அவித்து இறக்கிய பிறகு வானம் இருண்டுவிட்டால் நெல் பாயிலேயே புளித்துப்போகும்; அந்த மணம் சோறு வரைக்கும் கூடவே வரும். அதனால் மாரி மழை நன்றாக விட்டு, பெரும்போக வெள்ளாமை வெட்டி வீட்டுக்கு வந்த பிறகுதான் மாமி கிடாரத்தை அடுப்பில் ஏற்றினார்.

மாமி என்று நான் கூப்பிடுகிறவர் எனக்கு உறவில்லை. மட்டக்களப்பு மாவட்டத்து வந்தாறுமூலையில், கிழக்குப் பல்கலைக்கழகத்துக்குக் கிட்டவாக உள்ள ஒழுங்கையொன்றில் இருக்கிறார். கேட்கிறவர்களுக்குக் குத்தரிசியும் மாவும் இடித்துக் கொடுப்பது அவருடைய சீவனம். நெல்லை அரிசியாக்கப் பழக்கித் தருவாரா என்று தெரிந்தவர் மூலம் கேட்டேன். “பாத்திட்டுப் போறதுக்கு எண்டா வேணாம், செய்யிறதுக்கு எண்டா வரட்டும்” என்று பதில் வந்தது.

இந்த ஆசை எனக்கு வியட்நாமில் பிடித்தது. ஹோய் ஆன் நகரத்தைச் சுற்றியுள்ள வயல்களில், வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களுக்கு நெல் வேலையைக் கைபிடித்துப் பழக்குகிறார்கள். கதிரை அடித்து நெல் எடுப்பது, உமி நீக்குவது, இடிப்பது, புடைப்பது, ஊறிய அரிசியைக் கல் திரிகையில் அரைப்பது எல்லாம் அங்கே பாடம். உமி நீக்க அவர்களிடம் ஒரு திரிகை உண்டு. மூங்கிலால் பின்னிய இரண்டு வட்டக் கூடைகளுக்குள் களிமண்ணை இறுக்கி, நடுவில் மரப்பல் பதித்திருப்பார்கள். மேற்பாதியைச் சுழற்றினால் அரிசி அதிகம் உடையாமல் உமி கழன்றுவிடும். பிறகு காலால் மிதித்து இயக்கும் நீண்ட உலக்கையில் தீட்டுகிறார்கள். அரைத்த மாவைக் கொதிக்கும் பானையின் வாயில் கட்டிய துணியில் மெல்லியதாகப் பரப்பி அவித்து, மூங்கில் தட்டியில் காயவைத்தால் அரிசித் தாள். இதையெல்லாம் சொல்லித் தந்தவர் ஒரு முதிய விவசாயி. அவர் ஆசிரியராக நின்றார், நாங்கள் மாணவராக நின்றோம், கற்றதற்குக் காசு கொடுத்தோம்.

ஹனோய் அருங்காட்சியகத்தில் ங்கோக் லூ முரசு என்ற வெண்கல முரசு இருக்கிறது. 1893இல் கிடைத்தது, ஈராயிரம் ஆண்டுக்கு மேற்பட்ட தோங் சோன் காலத்துப் பொருள். அதன் முகப்பில் இரண்டு இரண்டு பேராக நின்று, ஆளுயர உலக்கையால் ஒரே உரலில் மாறி மாறி இடிக்கிற உருவங்கள் உண்டு. மாமியும் அவருடைய தங்கச்சியும் உரலடியில் எதிரெதிரே நின்றபோது அதே நிலையைக் கண்டேன். பயணம் போய்ப் பார்த்ததும் பக்கத்தில் இருப்பதும் ஒன்றுதான் என்று அப்போது பட்டது. ஆனால் இங்கே இதைப் பழக யாரும் வருவதில்லை, பழக்குகிறவரை யாரும் ஆசிரியர் என்று சொல்வதும் இல்லை.

வியட்நாமின் வேலையில் இல்லாத ஒன்று நம்மிடம் உண்டு, அவிப்பு. நெல்லை ஓர் இரவு ஊறவிட்டு, மறுநாள் நீரை வடித்து, கிடாரத்தில் கொஞ்சம் தண்ணீரோடு ஆவி கட்ட விடுகிறார்கள். மாமி மூடியைத் திறந்து மேல் நெல்லில் ஒரு சிட்டிகை எடுத்துப் பார்ப்பார். உமி இலேசாக வாய் பிளந்திருந்தால் போதும். அதற்கு மேல் விட்டால் அரிசி பிதுங்கிவிடும். இந்த வேலையில் அரிசியின் மாச்சத்து இளகி மறுபடி இறுகுகிறது, உள்ளே இருந்த வெடிப்புகள் ஒட்டிக்கொள்கின்றன. அதனால்தான் அவித்த நெல் உலக்கைக்குத் தாக்குப்பிடிக்கிறது. தவிட்டில் உள்ள பி உயிர்ச்சத்தும் அரிசிக்குள் இறங்கிவிடுகிறது.

இதில் நம் முன்னோர் சம்பந்தப்பட்ட வரலாறு ஒன்று உண்டு, பலருக்குத் தெரியாது. 1900களின் தொடக்கத்தில் மலாயாவில் பெரிபெரி நோயால் ஆயிரக்கணக்கானோர் செத்துக்கொண்டிருந்தார்கள். அங்கே பணியாற்றிய பிராடன் என்ற மருத்துவர் ஒன்றைக் கவனித்தார்: தீட்டிய பச்சரிசி தின்ற சீனத் தொழிலாளர்கள் விழுந்தார்கள், புழுங்கலரிசி தின்ற தமிழ்த் தொழிலாளர்களை நோய் பெரும்பாலும் தொடவில்லை. ஃபிளெட்சர் என்ற இன்னொரு மருத்துவர் 1905, 1906 ஆண்டுகளில் கோலாலம்பூர் மனநல விடுதியில் நோயாளிகளை இரண்டாகப் பிரித்து, ஒரு பாதிக்குப் பச்சரிசியும் மறு பாதிக்குப் புழுங்கலும் கொடுத்துப் பார்த்தார். நோய் பச்சரிசிப் பக்கத்தில்தான் பரவியது. உயிர்ச்சத்து என்ற பெயரே உலகத்துக்கு வராத காலம் அது. கிடாரத்தடியில் நின்று உமியின் வாய் பார்த்த பெண்கள் ஒரு கூட்டத்தின் உயிரைக் காத்திருக்கிறார்கள்.

காயவைப்பதில் மாமி கண்டிப்பானவர். படங்கை விரித்து நெல்லைப் பரப்பி, காலால் சால் சாலாகக் கிளறிக்கொண்டே இருக்க வேண்டும். நல்ல வெயிலில் ஒரேயடியாகக் காய்ந்தால் அரிசிக்குள் வெடிப்பு விழும், உரலில் நொறுங்கும். அதனால் முக்கால் பங்கு காய்ந்ததும் நிழலுக்கு இழுத்துவிடுவார். பதம் பார்ப்பது பல்லால். கடித்தால் வழுக்கக்கூடாது, மாவாகவும் போகக்கூடாது; சத்தத்தோடு இரண்டாக வேண்டும்.

உரலை அரைவாசிக்கு மேல் நிரப்புகிறார்கள். நெல் குறைந்தால் உலக்கைப் பூண் நேரே அரிசியில் விழுந்து உடைக்கும். நிறைய இருந்தால் நெல்லும் நெல்லும் உரசியே பெரும்பாலான உமி கழன்றுவிடும். “பாரம் தானா விழும் புள்ள, நீ போட்டு அமத்தாத. தூக்கிறதுதான் நம்மட வேல” என்றார் மாமி. இருவர் இடிக்கும்போது எதிராளியின் உலக்கையைக் கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தால் தாளம் தப்பும். காதால் பிடிக்க வேண்டும். அவர் உலக்கை விழுந்த சத்தம் வந்ததும் நம்முடையது இறங்க வேண்டும். கை மாற்றுவதும் அந்த இடைவெளிக்குள்தான். சிந்துகிற நெல்லைக் காலாலேயே ஒதுக்கிக்கொண்டு, ஊர்க்கதையும் பேசிக்கொண்டு, அவர்கள் இருவரும் இடித்தார்கள்.

ஆனால் கலை முழுக்கச் சுளகில் இருக்கிறது என்று நினைக்கிறேன். உலக்கையை உடம்பு வலு இருந்தால் சில நாளில் பிடித்துவிடலாம். சுளகு அப்படி இல்லை. அதில் ஒரே அசைவு கிடையாது. உமியைப் பறக்கவிட ஒரு வகை: சுளகின் முன் விளிம்பைச் சற்றுத் தாழ்த்தி மேலே வீசி, அரிசி விழுகிற அதே கணத்தில் சுளகைத் தன் பக்கம் இழுக்க வேண்டும். அரிசி உள்ளே, உமி வெளியே. தப்பிய நெல்லை மேலே கொண்டுவர இன்னொரு வகை: வட்டமாகச் சுழற்றினால் இலேசான நெல்மணி நடுவில் வந்து கூடும், அதைக் கையால் அள்ளித் திரும்ப உரலில் போடுவார்கள். குறுணலைப் பிரிக்க வேறொரு தட்டு. கல்லைப் பிரிக்கச் சாய்த்துப் பிடித்து மெல்ல உதறுவது. புடைப்பதும் கொழிப்பதும் தெள்ளுவதும் நாவுவதும் வேறு வேறு வேலைகள். மணிக்கட்டு, முழங்கை, தோள் மூன்றும் ஒவ்வொன்றிலும் வேறு விதமாய் அசைகின்றன. காற்று எந்தப் பக்கம் வருகிறது என்று மாமி முகத்தாலேயே அறிந்து கிறுகி உட்காருவார். இதை விளக்கச் சொன்னால் அவருக்குச் சொல் வராது. என் கைக்கு மேல் தன் கையை வைத்துச் செய்துகாட்டுவார். வேறு வழியில் இது ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குப் போகாது. காணொளியில் பார்த்துப் பழகலாம் என்று நினைக்கிறவர்கள் ஒரு சுளகை எடுத்துப் பார்க்கட்டும்.

வெள்ளாமையின் ஆண்கள் பக்கம் ஓரளவு எழுத்தில் இருக்கிறது. களவெட்டியில் எருமை பூட்டிச் சூடு மிதித்தது, பொலிப் பாட்டு, களத்துக்கென்றே வைத்திருந்த தனிப் பேச்சு இவற்றையெல்லாம் ஆய்வாளர்கள் தேடிப் பதிந்தார்கள். இன்று வெட்டுமெசின் வயலிலேயே எல்லாவற்றையும் முடித்து மூட்டையைத் தந்துவிடுகிறது. பாட்டு ஏட்டில் மிஞ்சியது. ஆனால் மூட்டை வீட்டு வாசலைத் தாண்டிய பிறகு நடக்கிற வேலைக்கு அந்த மரியாதை கிடைக்கவில்லை. அது வீட்டு வேலை, பெண்களின் வேலை. அதைப் படிப்பு என்று யாரும் எண்ணவில்லை.

தினமும் எல்லோரும் இடித்துச் சாப்பிட வேண்டும் என்று நான் கேட்கவில்லை. அரிசி ஆலை வந்தபோது பெண்கள் அதை வரவேற்றார்கள், வரவேற்றது சரிதான். விடிவதற்கு முன் எழும்பி, குடும்பம் முழுவதற்கும் இடித்து, தோளும் நாரியும் தேய்ந்த தலைமுறை அது. போர்க்காலத்தில் செங்கலடிக் கறுத்தப் பாலத்துக்கு அப்பால், மின்சாரம் எட்டாத, எண்ணெய் தாராளமாகக் கிடைக்காத, வாவிக்கு மேற்கே உள்ள படுவான்கரை வீடுகள் பலவற்றில் உரல் மறுபடி வாசலுக்கு வந்தது. அதை யாரும் ஆசைப்பட்டுச் செய்யவில்லை. வாவிக்குக் கிழக்கே, எழுவான்கரையில், இந்த ஊரின் துயரமும் பெரிது. 1990 செப்டம்பர் 5ஆம் திகதி, பல்கலைக்கழக வளாகத்தில் அடைக்கலம் புகுந்திருந்தவர்களில் 158 பேர் பிடித்துச் செல்லப்பட்டார்கள், திரும்பவில்லை. ஆண் துணை இழந்த வீடுகளில் பெண்களின் கைகள்தான் வருமானம். அரிசியும் மாவும் இடித்துப் பிள்ளைகளைப் படிப்பித்தவர்கள் இந்தப் பகுதியெங்கும் இருக்கிறார்கள். அந்தக் கைகளுக்கு நியாயமான கூலி இல்லை என்பது எனக்கு வலிக்கிறது. நூறு கிலோ நெல்லை அவித்து, காயவைத்து, இடித்து, புடைத்தால் ஏறத்தாழ 20 கிலோ உமியாகப் போய்விடும்; மீதியைக் கொடுத்தால் வாங்குகிறவர் கடை அரிசியோடு விலை ஒப்பிடுகிறார்.

பல்கலைக்கழகம் இந்த ஊரில் 1981இல், வந்தாறுமூலை மத்திய மகா வித்தியாலயக் கட்டடங்களில், பல்கலைக்கழகக் கல்லூரியாகத் தொடங்கியது. 1986இல் முழுப் பல்கலைக்கழகமானது. விவசாய பீடம் தொடக்கத்திலிருந்தே இருக்கிறது. மாமியின் வீட்டிலிருந்து அங்கே நடந்து போகலாம். ஊர்ப் பெரியவரை ஆசிரியராக ஏற்பது நமக்குப் புதிதும் அல்ல. 1962இல் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் தமிழறிஞர் சு. வித்தியானந்தன் ‘கர்ணன் போர்’ கூத்தை மேடையேற்றியபோது மாணவர்களுக்கு ஆட்டம் பழக்கியவர் வந்தாறுமூலை அண்ணாவியார் செல்லையா. பட்டம் எதுவும் இல்லாதவரின் முன்னால் பல்கலைக்கழக மாணவர்கள் நின்று தாளக்கட்டுப் பழகினார்கள். பின்னர் பேராசிரியர் சி. மௌனகுரு போன்றவர்களின் உழைப்பால் கூத்து கிழக்குப் பல்கலைக்கழகத்திலேயே பாடமானது. அண்ணாவியாருக்குத் திறந்த கதவு சுளகு பிடிக்கிற பெண்ணுக்கும் திறக்க வேண்டும். விவசாயம் படிக்கிற ஒவ்வொரு மாணவரும் ஒரு மூட்டை நெல்லை அவித்து இடித்துப் புடைத்த பிறகே அறுவடைக்குப் பிந்திய தொழில்நுட்பத் தேர்வு எழுதட்டும். பழக்குகிறவருக்கு வருகை விரிவுரையாளருக்கான கொடுப்பனவு கொடுக்கப்படட்டும்.

மட்டக்களப்பு நகரிலிருந்து பாசிக்குடாக் கடற்கரைக்குப் போகிற பயணிகளின் வாகனங்கள் இந்த ஊர் வழியாகத்தான் போகின்றன. ஹோய் ஆனில் செய்கிறதை இங்கேயும் செய்யலாம், கொழும்பிலிருந்தோ சென்னையிலிருந்தோ தொரன்ரோவிலிருந்தோ வருகிற நம் பிள்ளைகளுக்கு முதலில். மாமியிடம் இதைக் கேட்டேன். வெகுநேரம் யோசித்து, தவிட்டை மாட்டுக்கென்றும் குறுணலைக் கோழிக்கென்றும் பிரித்து வைத்துக்கொண்டே சொன்னார்: மாசி, பங்குனியில் வர வேண்டும். ஒரு நாளில் முடித்துக்கொண்டு போகிறவர்களுக்கு அவிப்பும் காய்ச்சலும் தெரியாது, ஆகவே குறைந்தது மூன்று நாள் நிற்க வேண்டும். நெல்லுக்கும் விறகுக்கும் தனிக் காசு, பழக்குவதற்குத் தனிக் காசு. தங்கச்சிக்கும் அதே அளவு. படம் எடுப்பது கடைசி நாளில் மட்டும்.

ஒன்றை மறந்துவிட்டார் என்று தங்கச்சி நினைவூட்டினார். இடித்த அரிசியைக் கொண்டுபோக விடமாட்டார்களாம். உலையில் போட்டு, கஞ்சி வடித்து, வாவி மீன் குழம்போடு அங்கேயே இருந்து சாப்பிட வேண்டும்.