சாலையிலிருந்து அளந்தார்கள், வயலிலிருந்து யார் அளப்பது?

போன சம்பாவில் இரண்டாவது களை எடுக்கும்போது, வேலைக்கு வந்த அக்கா ஒருவரின் காலில் பீர் பாட்டில் சில்லு ஏறிவிட்டது. நாலு தையல். கட்டோடு வந்து நின்றவர் கேட்டார்: "களைக்கொல்லி அடிக்க மாட்டேன், கையாலதான் எடுக்கணும்னு சொல்றீங்க. சரிங்க சார். இந்தக் கண்ணாடியையும் நாங்கதான் பொறுக்கணுமா?"

எனக்குப் பதில் வரவில்லை. பாகூர் கொம்யூனில் நான் ஒன்றரை ஏக்கர் பயிர் செய்கிறேன். வரப்பிலிருந்து கூப்பிடு தூரத்தில் ஒரு மதுக்கடை. வங்கி வேலையிலிருந்து ஓய்வு பெற்று வந்தபோது அது அங்கே இல்லை. 2017-ல்தான் வந்தது.

அது வந்த கதை உச்ச நீதிமன்றத்தில் தொடங்குகிறது. வழக்கறிஞர் கே. பாலு தொடர்ந்த வழக்கில் 2016 டிசம்பர் 15 அன்று தீர்ப்பு வந்தது. தேசிய, மாநில நெடுஞ்சாலைகளிலிருந்து 500 மீட்டருக்குள் மதுக்கடை கூடாது. ஏற்கெனவே உள்ள உரிமங்களும் 2017 ஏப்ரல் 1-க்கு மேல் செல்லாது. குடித்துவிட்டு வண்டி ஓட்டி யாரும் சாகக் கூடாது என்பதுதான் நோக்கம். நல்ல தீர்ப்பு என்று நானும் மகிழ்ந்தேன். 2017 மார்ச் 31 அன்று, 20,000 பேருக்குக் குறைவாக உள்ள உள்ளாட்சிப் பகுதிகளில் 220 மீட்டர் போதும் என்று தளர்த்தினார்கள்.

கடலூர் சாலையில் கன்னியக்கோயில், முள்ளோடைப் பக்கமும், விழுப்புரம் சாலையில் வில்லியனூர்ப் பக்கமும் போய்ப் பாருங்கள். சாலையை விட்டு 220 மீட்டரோ 500 மீட்டரோ உள்ளே நடந்தால் என்ன வரும்? நெல் வயல், வாய்க்கால், காலனி வீடுகள். சாலைக்கு ஆகாதென்று சொன்ன கடை எங்கள் வயலுக்கு வந்தது இப்படித்தான்.

அதற்குப் பிறகு நகராட்சி எல்லைக்குள் இந்தத் தடை இல்லை என்று 2017 ஜூலை 11-ல் விளக்கம் வந்தது. பஞ்சாயத்துப் பகுதிகளுக்கும் அதைப் பொருத்தலாமா என்பதை அந்தந்த அரசே முடிவு செய்யட்டும் என்று 2018 பிப்ரவரி 23-ல் சொல்லிவிட்டார்கள். சாலையோரத்துக்குத் திரும்ப வழி கிடைத்தது. ஆனால் எங்கள் பக்கம் உள்ளே வந்த கடை உள்ளேயே நின்றுவிட்டது.

இதில் எனக்கு உறுத்துவது உரிமப் புதுப்பிப்பு. வங்கியில் ஒரு கடைக்காரரின் ரொக்கக் கடனை ஆண்டுதோறும் புதுப்பிப்போம். பழைய வாடிக்கையாளர்தானே என்று கையெழுத்துப் போட்டுவிட முடியாது. நேரில் போய்ச் சரக்கைப் பார்க்க வேண்டும், கணக்கை வாங்க வேண்டும், அந்த ஆண்டு நிலவரத்தை எழுத வேண்டும். சில லட்ச ரூபாய்க்கே இத்தனை கேள்வி. மதுக்கடை உரிமத்தைப் புதுப்பிக்கும்போது பக்கத்து வயல்காரனை ஒரு வார்த்தை கேட்டார்களா? இந்த இத்தனை ஆண்டில் என்னை யாரும் கேட்டதில்லை.

உரிமதாரர்கள் நீதிமன்றம் போனால் "இத்தனை வருஷமா நடத்துறோம், முதல் போட்டிருக்கோம்" என்பார்கள். ஆனால் மது வணிகம் அடிப்படை உரிமை அல்ல என்று கோடே டிஸ்டில்லரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 1994-லேயே சொல்லிவிட்டது. அரசு கொடுக்கும் சலுகை அது. காலம் முடிந்தால் மறுபடி கொடுக்கலாம், கொடுக்காமலும் இருக்கலாம். அப்படியானால் ஊர் பேச வேண்டிய நேரம் புதுப்பிக்கும் நேரம்தான். கடை திறந்த பிறகு சாலை மறியல் செய்து வழக்கு வாங்குவதைவிட இது மேல்.

ஊர் எதன் வழியாகப் பேசுவது? புதுச்சேரியில் 38 ஆண்டுகள் கழித்து 2006-ல் உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. அவர்கள் பதவிக்காலம் 2011-ல் முடிந்தது. அதன் பிறகு தேர்தலே இல்லை, கொம்யூனை அதிகாரிகள்தான் நடத்துகிறார்கள். தீர்மானம் போட ஒரு பஞ்சாயத்துத் தலைவர்கூட நமக்கு இல்லை. மகாராஷ்டிரத்தில் ஊர்ப் பெண்கள் கையெழுத்துத் திரட்டி மனுக் கொடுத்தால் ரகசிய வாக்கெடுப்பு நடத்துகிறார்கள். நிற்கும் பாட்டில், படுத்த பாட்டில் இரண்டும்தான் சின்னம். பாதிக்கு மேல் பெண்கள் படுத்த பாட்டிலுக்குப் போட்டால் கடையை மூட வேண்டும். இங்கே அதைக் கேட்கவாவது செய்யலாம்.

கலால் வருமானம் போனால் அரசு எதை வைத்து நடக்கும் என்று என்னோடு வேலை பார்த்த நண்பர் கேட்கிறார். நியாயமான கேள்விதான். அரசே ஆரியபாளையத்தில் சாராய வடிசாலை நடத்தும் ஊர் இது. மதுவிலக்கு கேட்க நான் வரவில்லை. இந்த இடத்தில் வேண்டாம் என்கிறேன். (கள் பற்றி நம் இயக்கத்தில் வேறு கருத்து உண்டு, எனக்கும் உண்டு. பனை ஏறுபவரின் பிழைப்பை இதோடு சேர்த்துக் குழப்ப வேண்டாம்.)

நாங்கள் செய்யத் தொடங்கியிருப்பதைச் சொல்கிறேன். தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டி, அந்தக் கடையின் உரிம நகல், இட வரைபடம், கடைசியாகப் புதுப்பித்தபோது யார் நேரில் பார்த்தார்கள் என்ற குறிப்பு மூன்றையும் கேட்டிருக்கிறோம். உரிமக் காலம் முடிய மூன்று மாதம் இருக்கும்போதே கலால் துறைக்கு ஆட்சேபணை கொடுக்கப் போகிறோம். சர்வே எண், வாய்க்கால் பெயர், பள்ளிக்குப் போகும் வழி எல்லாம் எழுதி, வயலில் பொறுக்கிய கண்ணாடியின் படத்தையும் இணைக்கிறோம். முதல் கையெழுத்து காலில் தையல் போட்ட அக்காவுடையது. வில்லியனூர்ப் பக்க நண்பர்கள் அவரவர் கடையின் உரிமம் எப்போது முடிகிறது என்பதை முதலில் விசாரித்து வையுங்கள். எங்களுக்கு அதைக் கண்டுபிடிக்கவே இரண்டு மாதம் ஆனது.