பொதுச்செயலாளரே ஓட்டெடுப்பில் தோற்ற கட்சி! மார்க்சிஸ்டு கம்யூனிஸ்டில் அதிகாரம் யார் கையில்?

மதுரை தமுக்கத்தில் 2025-ம் ஆண்டு ஏப்ரல் 6-ந்தேதி ஒரு ஓட்டெடுப்பு நடந்தது. ஒரு பக்கம் கட்சித் தலைமை கொடுத்த பெயர்ப் பட்டியல். எதிர்ப்பக்கம் ஒரே ஒரு ஆள்.

மார்க்சிஸ்டு கம்யூனிஸ்டு கட்சியின் 24-வது அகில இந்திய மாநாட்டின் கடைசி நாள் அது. புதிய மத்தியக் கமிட்டிக்கான பட்டியல் வைக்கப்பட்டதும், மராட்டிய மாநிலத் தொழிற்சங்கத் தலைவர் டி.எல்.கராட் தானும் போட்டி போடுவதாக நின்றுவிட்டார். ரகசிய ஓட்டு நடத்தப்பட்டது. கராட்டுக்குக் கிடைத்தது 31 ஓட்டு. தோற்றுப் போனார்.

பட்டியல் அப்படியே ஜெயித்தது. அந்தக் கமிட்டி அன்றே கூடி, கேரளாவைச் சேர்ந்த எம்.ஏ.பேபியைப் பொதுச்செயலாளர் ஆக்கியது.

வெளியே நின்று பார்க்கிறவர்கள் "எல்லாம் முன்கூட்டியே பேசி முடிச்ச விஷயம்" என்பார்கள். உள்ளே இருப்பவர்களோ, "எங்க கட்சியில யாரும் தனியாளா முடிவு எடுக்க முடியாது" என்பார்கள்.

இதில் எது உண்மை? இரண்டுமே உண்மை! அதுதான் இந்தக் கட்சியின் விசித்திரம்.

மாடிப்படி போல...

கட்சியின் அமைப்பு மாடிப்படி மாதிரி. அடிப்படி, கிளை. தெருவிலோ, தொழிற்சாலையிலோ, கிராமத்திலோ சில பேர் சேர்ந்தால் ஒரு கிளை. அதற்கு மேல் இடைக் கமிட்டி. அப்புறம் மாவட்டக் கமிட்டி, மாநிலக் கமிட்டி. உச்சியில் மத்தியக் கமிட்டி. அதற்குள் ஒரு சின்ன வட்டம்தான் "பொலிட்பீரோ" எனப்படும் அரசியல் தலைமைக்குழு.

சந்தா கொடுத்து அட்டை வாங்கியதும் யாரும் முழு உறுப்பினர் ஆகிவிட முடியாது. முதலில் பரீட்சார்த்த உறுப்பினர். நடத்தை, வேலை எல்லாம் பார்த்த பிறகுதான் முழு உறுப்பினர். வருமானத்தில் ஒரு பங்கைக் கட்சிக்கு "லெவி"யாகக் கட்ட வேண்டும். ஆண்டுதோறும் உறுப்பினர் பதிவைப் புதுப்பிக்க வேண்டும்.

எம்.எல்.ஏ., எம்.பி. ஆனாலும் தப்ப முடியாது. அவர்கள் வாங்கும் சம்பளம் கட்சியின் பணம் என்று சட்டவிதியே சொல்கிறது.

தேர்தல் கீழிருந்து மேலே போகும். கிளை மாநாடு முடிந்து, இடைக் கமிட்டி, மாவட்டம், மாநிலம் என்று மாநாடுகள் நடக்கும். கடைசியில் அகில இந்திய மாநாடு. வழக்கமாக 3 ஆண்டுக்கு ஒருமுறை. ஒவ்வொரு படியிலும் தேர்ந்தெடுக்கப்படும் பிரதிநிதிகள் அடுத்த படிக்குப் போவார்கள்.

மாநாடு மத்தியக் கமிட்டியைத் தேர்ந்தெடுக்கும். மத்தியக் கமிட்டி பொதுச்செயலாளரையும் பொலிட்பீரோவையும் தேர்ந்தெடுக்கும். ஆக, கட்சியின் சுமார் 10 லட்சம் உறுப்பினர்களில் ஒருவர்கூடப் பொதுச்செயலாளருக்கு நேரடியாக ஓட்டுப் போடுவதில்லை.

கைக்கு எட்டிய பிரதமர் பதவி

பொதுச்செயலாளர் ஆகிவிட்டால் நினைத்ததை எல்லாம் செய்யலாமா? முடியாது!

1996-ம் ஆண்டு பாராளுமன்றத் தேர்தலில் எந்தக் கட்சிக்கும் மெஜாரிட்டி இல்லை. ஐக்கிய முன்னணித் தலைவர்கள் மேற்கு வங்காள முதல்-மந்திரி ஜோதிபாசுவைப் பிரதமர் ஆகும்படி அழைத்தார்கள். பாசுவுக்குச் சம்மதம். பொதுச்செயலாளர் ஹர்கிஷன்சிங் சுர்ஜித்துக்கும் சம்மதம்.

மத்தியக் கமிட்டி கூடியது. "வேண்டாம்" என்றது. மறுபடி கூடியது. மறுபடியும் "வேண்டாம்" என்றது.

கட்சியின் இரண்டு பெரிய தலைவர்களும் தலைகுனிந்து ஏற்றுக்கொண்டார்கள். தேவேகவுடா பிரதமர் ஆனார். அது ஒரு வரலாற்றுப் பிழை என்று பின்னால் ஜோதிபாசு சொன்னார். ஆனாலும் கட்சியை விட்டுப் போகவில்லை. 2000-ம் ஆண்டு வரை அதே கட்சியின் முதல்-மந்திரியாக இருந்தார்.

55-க்கு 31

அடுத்து 2018-ம் ஆண்டு. பா.ஜ.க.வை வீழ்த்த காங்கிரசுடன் ஒத்துப்போக வழி வைக்க வேண்டும் என்று பொதுச்செயலாளர் சீதாராம் யெச்சூரி தீர்மானம் கொண்டு வந்தார். முன்னாள் பொதுச்செயலாளர் பிரகாஷ் கரத் தரப்பு எதிர்த்தது.

ஜனவரி மாதம் கொல்கத்தாவில் மத்தியக் கமிட்டியில் ஓட்டெடுப்பு. யெச்சூரிக்கு எதிராக 55. ஆதரவாக 31. நாற்காலியில் இருக்கும் பொதுச்செயலாளரே தோற்றார்!

கதை அதோடு முடியவில்லை. ஏப்ரல் மாதம் ஐதராபாத்தில் மாநாடு. ரகசிய ஓட்டு வேண்டும் என்று பிரதிநிதிகளில் பலர் கேட்டார்கள். கடைசியில் ஓட்டுக்குப் போகாமலே சமரசம் செய்து தீர்மானத்தின் வாசகத்தைத் திருத்தினார்கள். காங்கிரசுடன் "அரசியல் கூட்டணி இல்லை" என்பதோடு நிறுத்திக்கொண்டார்கள். யெச்சூரியே மீண்டும் பொதுச்செயலாளர் ஆனார்.

கமிட்டியில் தோற்றவரை மாநாடு காப்பாற்றியது. அதாவது கமிட்டிக்கும் மேலே ஒரு படி இருக்கிறது.

முதல்-மந்திரிக்கும் தண்டனை

பதவியில் இருக்கும் முதல்-மந்திரி மீது நடவடிக்கை எடுத்த கட்சிகள் நாட்டில் எத்தனை?

2007-ம் ஆண்டு மே மாதம் கேரள முதல்-மந்திரி வி.எஸ்.அச்சுதானந்தனும் மாநிலச் செயலாளர் பினராயி விஜயனும் பகிரங்கமாக மோதிக்கொண்டார்கள். இரண்டு பேரையும் பொலிட்பீரோவில் இருந்து சஸ்பெண்டு செய்தது கட்சி. பின்னால் திரும்பச் சேர்க்கப்பட்டனர்.

2009-ம் ஆண்டு ஜூலையில் அச்சுதானந்தன் பொலிட்பீரோவில் இருந்தே நீக்கப்பட்டார். 1964-ல் பழைய கட்சியை விட்டு வெளியேறி இந்தக் கட்சியை உருவாக்கிய 32 பேரில் ஒருவர் அவர். அப்போதும் முதல்-மந்திரி. நாற்காலி தப்பியது. பொலிட்பீரோ பதவி போனது.

அப்படியானால் கோளாறு எங்கே?

மேலே உள்ளவர் தப்பு செய்தால் பிடிக்க ஆள் இருக்கிறது. ஆனால் கீழே உள்ளவர் மேலே வர வேண்டும் என்றால்?

இங்கேதான் பட்டியல் முறை வருகிறது. புதிய கமிட்டிக்கு யார் யார் என்று பழைய கமிட்டியே ஒரு பட்டியல் தயாரிக்கும். பிரதிநிதிகள் வேறு பெயர் சொல்லலாம். சொன்னால் ரகசிய ஓட்டு. சட்டவிதியில் கதவு திறந்தே இருக்கிறது. ஆனால் அதன் வழியே நுழைந்தவர்கள் குறைவு. மதுரையில் கராட் தட்டிப் பார்த்தார். 31 ஓட்டோடு திரும்பினார்.

இருப்பவர்களே வாரிசுகளைக் குறித்துக் கொடுத்தால் மாற்றம் மெதுவாகத்தான் வரும். 1964-ல் 9 பேரோடு பொலிட்பீரோ தொடங்கியது. தமிழ்நாட்டின் பி.ராமமூர்த்தியும் அதில் ஒருவர். ஒரு பெண் உள்ளே நுழைய 2005-ம் ஆண்டு ஆயிற்று. அவர் பிருந்தா கரத். தாழ்த்தப்பட்ட வகுப்பைச் சேர்ந்த முதல் ஆள், மேற்கு வங்காளத்தின் ராமச்சந்திர டோம். அவர் வந்தது 2022-ல். கட்சி பிறந்து 58 ஆண்டுகள் கழித்து!

உழைக்கிற ஏழைகளுக்கான கட்சி என்று சொல்லிக்கொள்ளும் இடத்தில் இது சின்ன விஷயம் அல்ல.

வயது 75

தலைமைக்கும் இது தெரியும். அதனால்தான் இரண்டு கடிவாளம் போட்டார்கள். ஒன்று, 2012-ம் ஆண்டு கோழிக்கோடு மாநாட்டில் வந்தது. செயலாளர் பதவியில் 3 தடவைக்கு மேல் இருக்கக்கூடாது. 4-வது தடவை வேண்டுமானால் கமிட்டியில் நாலில் மூன்று பங்கு ஆதரவு வேண்டும். இன்னொன்று, மத்தியக் கமிட்டிக்கு 75 வயது வரம்பு.

மதுரையில் அந்த வயது வரம்பு வேலை செய்தது. பிரகாஷ் கரத், பிருந்தா கரத், மாணிக் சர்க்கார், ஜி.ராமகிருஷ்ணன் உள்பட 6 பேர் பொலிட்பீரோவில் இருந்து விடைபெற்றார்கள். புதிய 18 பேர் பட்டியலில் தமிழ்நாட்டில் இருந்து உ.வாசுகி, கே.பாலகிருஷ்ணன் இரண்டு பேரும் இடம் பிடித்தார்கள்.

ஆனால் அப்போது கேரள முதல்-மந்திரியாக இருந்த பினராயி விஜயனுக்கு வயது 79. அவருக்கு விதிவிலக்கு! கட்சி ஆட்சியில் இருந்த ஒரே மாநிலம் கேரளா. அங்கே அவரை விட்டால் ஆள் இல்லை என்ற கணக்கு. சட்டம் எல்லோருக்கும் ஒன்று என்று பெயர் எடுத்த கட்சியில், ஜெயித்துக் கொடுக்கும் ஆளுக்குத் தனிச்சலுகை கிடைத்தது.

43-ம் 4-ம்

இதனால் ரோட்டில் போகிற ஆளுக்கு என்ன? இருக்கிறது.

2004-ம் ஆண்டு பாராளுமன்றத்தில் இந்தக் கட்சிக்கு 43 எம்.பி.க்கள். மத்திய அரசே இடதுசாரிகள் தயவில் நின்றது. 2024-ல் ஜெயித்தது 4 பேர். அதில் 2 பேர் தமிழ்நாட்டுக்காரர்கள்: மதுரை, திண்டுக்கல். 34 ஆண்டுகள் தொடர்ந்து ஆண்ட மேற்கு வங்காளத்தில், 2021 சட்டசபைத் தேர்தலில் ஒரு இடம்கூட இல்லை.

இவ்வளவு படி வைத்த கட்டிடத்தில், வங்காளத்துக் கிராமங்களில் ஜனங்கள் கோபமாக இருக்கிறார்கள் என்ற செய்தி மாடிக்கு ஏன் உரிய நேரத்தில் போய்ச் சேரவில்லை? மேலே இருந்து வரும் உத்தரவு ஒரே நாளில் கிளைக்கு வந்துவிடுகிறது. கிளையின் குரல் மேலே ஏற 3 ஆண்டு ஆகிறது. மத்தியக் கமிட்டி தலைவர்களை அடக்கிக் காட்டியது. கீழே உள்ளவர்களின் பேச்சைக் கேட்டதா என்பதுதான் கேள்வி.

எந்தத் தலைவர் வீட்டுப் பிள்ளைக்கு என்ன பதவி என்று பத்திரிகையில் படித்துப் பழகிப்போன நாட்டில், பொதுச்செயலாளரே ஓட்டில் தோற்கும் கட்சி ஒன்று இருப்பது நல்ல செய்திதான். 60 ஆண்டுகளில் வந்த 6 பொதுச்செயலாளர்களில் யாரும் அப்பன் சொத்தாக அந்த நாற்காலியை வாங்கவில்லை.

ஆனால் பட்டியலுக்கு வெளியே நிற்கும் ஆளுக்கு 31 ஓட்டுதான் கிடைக்கும் என்றால், கிளைத் தோழர் எதற்காகக் கையைத் தூக்குவார்?

வழக்கப்படி பார்த்தால் அடுத்த மாநாடு 2028-ல் வர வேண்டும். அதற்கான முதல் கூட்டம் டெல்லியில் நடக்காது. ஏதோ ஒரு தெருவில், பத்துப் பேர் உட்காரும் கிளையில்தான் நடக்கும். அந்தப் பத்துப் பேரில் ஒருவர் எழுந்து "இது சரியில்ல, தோழர்" என்று சொன்னால், அந்தப் பேச்சு எத்தனை படி ஏறுகிறது என்று பார்க்க வேண்டும்.