ஆடி 18ம் ஜூலை 14ம்

ஆடி மாதம் பிறந்துவிட்டால் கொங்கு நாட்டில் இரண்டு நினைவு நாட்கள் வருகின்றன. ஆடி 1ந் தேதி அரச்சலூரையடுத்த நல்லமங்காபாளையத்தில் பொல்லானுக்கு மாலை. ஆடி 18ந் தேதி ஓடாநிலையிலும் சங்ககிரியிலும் தீரன் சின்னமலைக்கு மாலை. சின்னமலை 1805ல் சங்ககிரிக் கோட்டையில் கும்பினியாரால் தூக்கிலிடப்பட்டவர். பொல்லான் அவருக்குத் தளபதியாயிருந்து, செருப்புக்குள் சேதி ஒளித்தனுப்பி, அதே ஆடியில் கும்பினியாரால் கொல்லப்பட்டவர் என்று அவ்வட்டாரத்தார் சொல்லுகிறார்கள். சண்டை ஒன்று, எதிரி ஒன்று. ஆனால் மாலை போட வருகிறவர்களைப் பாருங்கள்! முதல் நாளில் பெரும்பாலும் அருந்ததியர் கூட்டம். பின் நாளில் பெரும்பாலும் கவுண்டர் கூட்டம். இதற்கென்ன அர்த்தம் என்று கேட்கிறோம்.

இரத்தஞ் சிந்திய நாளைக் கொண்டாடுவதே தப்பு என்று சில சாதுக்கள் சொல்லக்கூடும். அது நம் அபிப்பிராயமல்ல. பிரெஞ்சுக்காரர்கள் ஜூலை 14ஐ தேசத் திருநாளாகக் கொண்டாடுகிறார்கள். புதுச்சேரியிலும் அது கொண்டாடப்படுகிறது. 1789ல் அந்நாளில் பாரிஸ் ஜனங்கள் பாஸ்டில் சிறையை உடைத்தபோது உள்ளே இருந்த கைதிகள் ஏழே பேர்தான். பிறகு தலைவெட்டு யந்திரம் செய்த அக்கிரமங்களும் கொஞ்சமல்ல. அவற்றை நாம் புகழ வரவில்லை. ஆனால் மூன்று வாரங்கழித்து, ஆகஸ்டு 4ந் தேதி இரவு, பிரபுக்களும் பாதிரிகளும் தலைமுறை தலைமுறையாய் அனுபவித்து வந்த தனிச் சலுகைகளை ஒழிக்க அவர்களுடைய சபை தீர்மானித்தது. அந்நாளுக்கு யோக்கியதை கொடுத்தது இதுதான், சிந்திய இரத்தமல்ல.

அந்தப் புரட்சியுங்கூட முழுமையானதல்ல. 1794ல் ஒழித்த அடிமைமுறையை நெப்போலியன் 1802ல் மறுபடி கொண்டுவந்தான். அது அடியோடு தொலைய 1848 ஆயிற்று. ஆகவே சிறையை இடிப்பது ஒரு நாள் வேலை. மேல் கீழ் என்ற எண்ணத்தை இடிப்பதோ பல தலைமுறை வேலை.

நிற்க, நம் நாட்டில் என்ன இடிந்தது? 1947 ஆகஸ்டு 15ல் வெள்ளையன் ஆட்சி போயிற்று. 1950ல் அரசியல் சட்டம் தீண்டாமையை ஒழித்ததாக எழுதிற்று. எழுதியும் என்ன பிரயோஜனம்? செத்துப்போன இரண்டு வீரர்களைக்கூட ஜாதிவாரியாகப் பங்கு போட்டுக்கொண்டோமே! உயிரோடிருந்தபோது ஒரே எதிரியின் முன் நின்றவர்களைச் செத்த பின் பிரித்து வைத்தது கும்பினியா? நாம்தானே?

தோழர்களே! வீரனைக் குலதெய்வமாக்கித் தேங்காய் உடைப்பதாலும், மோட்டார் சைக்கிளில் ஜாதிக்கொடி கட்டி ஊர்வலம் விடுவதாலும் அவனுக்கு ஒரு பெருமையுமில்லை. வரும் ஆடி 1ல் கவுண்டர் வீட்டு வாலிபர்கள் நல்லமங்காபாளையம் போகட்டும். ஆடி 18ல் அருந்ததிய வாலிபர்கள் ஓடாநிலைக்கு வரட்டும். அவர்களை வாசலில் நிறுத்தாமல் முன்வரிசையில் உட்கார வையுங்கள். இரண்டு நாளும் எல்லோரும் ஒரே பந்தியில் சாப்பிடுங்கள். அதற்கு மனமில்லாதவர்களுக்குப் புரட்சி நாள் கொண்டாட என்ன பாத்தியதை இருக்கிறது?