இங்கிரிட் என்னும் பெயரும் திருமுழுக்கும்

திருமுழுக்குக்காகக் குழந்தையை ஏந்தி ஆலய வாயிலில் நிற்கும் பெற்றோரிடம் குருவானவர் முதன்முதல் வினவுவது அக்குழந்தையின் பெயரையே. திருச்சபையிடம் எதனை நாடி வந்தீர்கள் என்னும் கேள்விகூட அதற்கு அடுத்ததாகவே வருகின்றது. பெயருக்கு இத்துணை முதன்மை இருப்பதனாலேயே, நம் குடும்பங்கள் சிலவற்றில் எழும் ஓர் ஐயத்தை இவ்வாரம் எடுத்து நோக்குவது பொருந்தும்.

நோர்வேயிலோ சுவீடனிலோ குடியேறி வாழும் மகனிடமிருந்து தொலைபேசி அழைப்பு வருகின்றது. பிறந்திருக்கும் பெண்குழந்தைக்கு இங்கிரிட் என்று பெயரிடப் போவதாகச் சொல்கிறான். அப்பப்பா பெயர்ப் புத்தகம் ஒன்றைப் புரட்டுவிக்கிறார். அல்லது அயல்வீட்டுப் பிள்ளையைக் கொண்டு இணையத்தில் தேடுவிக்கிறார். இங் என்னும் தெய்வத்தின் அழகுக்கு உரியவள் எனப் பொருள் காட்டப்படுகின்றது. அப்பம்மா கலங்கிப் போகிறார். வேற்றுத் தெய்வமொன்றின் பெயரைச் சுமந்துகொண்டா நம் பேத்தி திருமுழுக்குத் தொட்டியை அணுகுவது?

இக்கேள்வியைப் பழைமைவாதம் என்று ஒதுக்கிவிடுதல் தகாது. பிள்ளையின் ஆன்மாவைப் பற்றிய கவலையில் எழும் கேள்வி அது. ஆயினும், இப்பெயரைக் குறித்து அஞ்ச வேண்டியதில்லை என்பதே எமது துணிபு. அச்சம் கொள்ள வேண்டிய இடம் வேறொன்று உண்டு. அதற்குப் பின்னர் வருவோம்.

முதலிற் பெயரின் வேரைக் காண்போம். இங்கிரிட் என்பது வடநாட்டவரின் பழைய நோர்ஸ் மொழிக்குரிய பெயர். அதனை இரு கூறாகப் பிரிப்பர். பிற்கூறு அழகு, அன்புக்குரியது என்னும் பொருள் தரும் சொல் என்பர். சவாரி செய்தல் என்னும் வினையோடு அதனைப் பொருத்திக் காட்டுவோரும் உளர். வெற்றியைக் குறிக்கும் சொல்லோடு அழகு சேர்ந்து சிகிரிட் என்றும், தெய்வத்தைக் குறிக்கும் சொல்லோடு சேர்ந்து அஸ்திரிட் என்றும் ஆயின. முற்கூறாகிய இங் என்பதே சிக்கலுக்குரியது. கி.பி. 98ஆம் ஆண்டளவில் ஜேர்மானியக் குடிகளைப் பற்றி எழுதிய உரோமை வரலாற்றாசிரியர் தாசித்துஸ், கடலோரத்தில் வாழ்ந்த குடிகள் தம் முன்னோன் ஒருவனின் பெயரால் இங்கேவோனர் என வழங்கப்பட்டதைக் குறித்துள்ளார். பிற்காலத்தில் இங்வி என்பது ஃபிரெய்ர் என்னும் தெய்வத்தின் பெயராயிற்று. மழையும் வெயிலும் விளைச்சலும் அமைதியும் இத்தெய்வத்தின் கையில் இருப்பதாக வடநாட்டார் நம்பினர். சுவீடனின் பண்டை அரசர்கள் தம் குலத்தையே இங்வியின் வழி வந்ததாகக் கூறிக்கொண்டனர். மருத நிலத்துக்கு வேந்தனைத் தெய்வமாகக் கூறும் தொல்காப்பியத்தைக் கற்றவர்களுக்கு இது விளங்காத செய்தியன்று. வயலை நம்பி வாழும் மக்கள் எங்கும் இவ்வாறே மழையை நோக்கிக் கைகூப்பியுள்ளனர்.

ஆகவே அப்பம்மாவின் தகவலிற் பிழையில்லை. பெயரின் வேர் கிறிஸ்தவத்துக்கு முற்பட்டதே. எனினும், வேரைக் கொண்டு ஒரு பெயரைத் தள்ளுவதாயின், விவிலியத்திலேயே எத்தனை பெயர்களைத் தள்ள நேரும் என்பதைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். கொரிந்துத் திருச்சபையிற் பவுலடியார் நட்டதற்கு நீர் பாய்ச்சியவர் அப்பொல்லோ. அவருடைய பெயர் கிரேக்கரின் அப்பொல்லோன் தெய்வத்திலிருந்து வந்தது. பவுலுக்காகத் தம் உயிரையே பணயம் வைத்த எப்பப்பிராதித்துவின் பெயரில் அப்பிரோதித்தே என்னும் காமதேவதை இருக்கிறாள். கெங்கிரேயாத் திருச்சபையின் திருத்தொண்டரான பெய்பாவின் பெயரோ அர்த்தமி தேவதைக்கு வழங்கிய அடைமொழிகளுள் ஒன்று. இதே அர்த்தமியின் பெயரால் எபேசு நகரத் தட்டார்கள் பவுலுக்கு எதிராகக் கலகம் விளைவித்ததைத் திருத்தூதர் பணிகள் 19ஆம் அதிகாரம் விரிவாகக் கூறுகின்றது. அத்தேவதையினால் அவ்வளவு தொல்லையுற்ற பவுல், தீத்துவுக்கு எழுதிய திருமுகத்தில் அர்த்தமா என்னும் உடன்பணியாளரைத் தயக்கமின்றிப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறார். இவர்களுள் எவரையும் பெயர் மாற்றும்படி அவர் கேட்டதாகத் திருமுகங்களில் ஒரு சொல்லும் இல்லை.

நாமுங்கூட ஆண்டவர் மரித்த நாளைப் பெரிய வெள்ளி என்கிறோம். வெள்ளி என்பது சுக்கிரன் என்னும் கோளின் பெயர் என்பதை எவரும் எண்ணுவதில்லை. 6ஆம் நூற்றாண்டில் போர்த்துக்கல் நாட்டுப் பிராகா நகர ஆயராயிருந்த மார்ட்டின், வார நாட்களுக்குத் தெய்வங்களின் பெயரிட்டு அழைப்பதைக் கடிந்து எழுதினார். போர்த்துக்கேய மொழியில் இன்றும் வார நாட்கள் இரண்டாம் நாள், மூன்றாம் நாள் என எண்ணால் வழங்குவதை அவருடைய முயற்சியோடு தொடர்புபடுத்துவர். ஆனால் மார்ட்டின் என்ற அவருடைய சொந்தப் பெயரோ மார்ஸ் என்னும் உரோமைப் போர்த்தெய்வத்துக்கு உரியவன் எனப் பொருள்படும்! தூர் நகரத்துப் புனித மார்ட்டின் அப்பெயரைத் தாங்கிப் புனிதராக வாழ்ந்துவிட்டமையால், அதற்குள் ஒரு போர்த்தெய்வம் இருப்பதை உலகம் மறந்துவிட்டது.

இங்கிரிட் என்னும் பெயருக்கு நேர்ந்ததும் இதுவே. சுவீடன் நாட்டின் கிழக்குக் கோத்லாந்துப் பகுதியில் ஷென்னிங்கே என்றொரு சிறு நகர் உண்டு. 13ஆம் நூற்றாண்டில் அங்கே உயர்குடியிற் பிறந்தவர் இங்கிரிட். தந்தையார் பெயர் எலோவ். மணம் முடித்துக் கணவரை இழந்த பின்னர், செல்வமும் குலப்பெருமையும் உடைய கைம்பெண்ணாக மறுமணம் செய்து வாழ அவருக்குத் தடை எதுவும் இருக்கவில்லை. அவரோ பக்தியுள்ள பெண்கள் சிலரைச் சேர்த்துக்கொண்டு செபத்திலும் ஏழ்மையிலும் வாழத் தலைப்பட்டார். புனித சாமிநாதர் சபைத் துறவியான பேதுரு தெ டாசியா அவருக்கு ஞான வழிகாட்டியாக இருந்தார் என்பர். சுவீடனின் முதல் எழுத்தாளர் என நூலோர் போற்றும் பேதுரு இவரே.

பின்னர் இங்கிரிட் திருயாத்திரை புறப்பட்டார். புனித பூமிக்கும், உரோமைக்கும், ஸ்பெயின் தேசத்திலே புனித யாகப்பரின் கல்லறை உள்ள கொம்பொஸ்தெலாவுக்கும் அவர் சென்றதாக மரபு கூறுகின்றது. மடுத் திருப்பதிக்குக் கால்நடையாகச் சென்ற முன்னோரின் வரலாற்றைக் கேட்டு வளர்ந்த நமக்கே இது மலைப்பைத் தரும். பால்டிக் கடலின் குளிரிலிருந்து எருசலேமின் வெயில்வரை, அக்காலத்துக் கப்பல்களையும் குதிரைகளையும் நம்பி ஒரு பெண் மேற்கொண்ட பயணம் அது. ஊர் திரும்பிய பின்னர், தம் குடும்பச் சொத்துக்களைக் கொண்டு சுவீடனின் முதலாவது சாமிநாதர் சபைக் கன்னியர் மடத்தை ஷென்னிங்கேயில் நிறுவினார். 1281ஆம் ஆண்டு ஓகஸ்ட் 15ஆந் திகதி, தேவமாதாவின் விண்ணேற்புத் திருநாளன்று, மன்னர் மக்னுஸ் முன்னிலையில் அம்மடம் திறக்கப்பட்டது. மடம் எப்புனிதருக்கு அர்ப்பணிக்கப்பட்டது தெரியுமா? புனித மார்ட்டினுக்கு. இங் தெய்வத்தின் பெயரைத் தாங்கியவர், மார்ஸ் தெய்வத்தின் பெயரைத் தாங்கியவருடைய பாதுகாவலில், கிறிஸ்துவுக்கென ஒரு வீட்டைக் கட்டினார். பெயர்களின் வேரை மாத்திரம் தோண்டிப் பார்ப்பவர் அவ்வீட்டிலே கிறிஸ்துவைக் காணாமலே திரும்பியிருப்பார்.

அம்மடத்தின் முதற் தலைவியாகிய இங்கிரிட் அங்கு வாழ்ந்தது ஏறத்தாழ ஓராண்டே. 1282ஆம் ஆண்டு செப்டெம்பர் 2ஆந் திகதி இறைவனடி சேர்ந்தார். அந்நாளே அவருடைய நினைவுநாள். 15ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலே புனிதர் பட்டத்துக்கான விண்ணப்பமும் விசாரணையும் நடைபெற்றன. அவ்விசாரணை முற்றுப்பெறவில்லை. ஆயினும் 1507ஆம் ஆண்டில் அவருடைய திருப்பண்டங்கள் சிறப்புடன் பெயர்த்து நிறுவப்பட்டன. அடுத்த சில பத்தாண்டுகளில் வந்த மதச் சீர்திருத்தக் காலத்தில் மடமும் கலைந்தது. இன்று அவ்விடத்தில் இடிபாடுகளே எஞ்சியுள்ளன. கத்தோலிக்கம் அந்நாட்டில் நூற்றாண்டுக் கணக்கில் ஒடுக்கப்பட்டிருந்தபோதும், சுவீடனிலும் நோர்வேயிலும் தாய்மார் தம் பெண்பிள்ளைகளுக்கு இங்கிரிட் என்னும் பெயரை இடுவதை விடவில்லை. 2004ஆம் ஆண்டிற் பிறந்த நோர்வே அரசகுமாரியும் இங்கிரிட் அலெக்சாண்டிராவே.

பெயரை மாற்றுவதும் திருச்சபைக்குப் புதிதன்று என்பதை இங்கே சொல்லாதுவிடின் அது நேர்மையாகாது. 533ஆம் ஆண்டிற் பாப்பரசராகத் தெரிவானவரின் இயற்பெயர் மெர்க்கூரியுஸ். பேதுருவின் இருக்கையிலே உரோமைத் தெய்வம் ஒன்றின் பெயர் அமர்வது தகாதெனக் கருதி, இரண்டாம் அருளப்பர் எனத் தம் பெயரை அவர் மாற்றிக்கொண்டார். சுவீடன் மன்னர் ஒலோவின் மகள் இங்கெகெர்ட், 1019ஆம் ஆண்டளவில் கீவ் நாட்டு இளவரசர் யரோஸ்லாவை மணந்து, இரேனே என்னும் பெயரைப் பெற்றார். கீழைத் திருச்சபையினர் அவரைப் புனித அன்னா என்று வணங்குகின்றனர். அவருடைய பழைய பெயரிலும் அதே இங் இருந்தது. ஒருவர் மாற்றிக்கொண்டார், மற்றொருவர் மாற்றவில்லை. இருவரையும் கிறிஸ்தவ மக்கள் போற்றினர்.

சட்டம் என்ன சொல்கின்றது? 1917ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத் தொகுப்பின்படி, பிள்ளைக்குக் கிறிஸ்தவப் பெயர் இடப்படுவதைப் பங்குத்தந்தை உறுதிசெய்ய வேண்டும். அது கைகூடாவிடின், பெற்றோர் இட்ட பெயரோடு ஒரு புனிதரின் பெயரையும் சேர்த்துப் பதிவேட்டில் எழுத வேண்டும். நம் முதியோரின் மனதிற் பதிந்திருப்பது அவ்விதியே. 1983ஆம் ஆண்டுத் தொகுப்பின் 855ஆம் சட்டமோ, கிறிஸ்தவ உணர்வுக்குப் புறம்பான பெயர் இடப்படாதிருக்கப் பெற்றோரும் ஞானப்பெற்றோரும் பங்குத்தந்தையும் கவனம் செலுத்த வேண்டும் என்ற அளவில் நின்றுவிடுகின்றது. மூவருக்கும் அப்பொறுப்பைப் பகிர்ந்தளித்திருப்பது கவனிக்கத்தக்கது. கன்னியர் மடம் நிறுவிய ஒருவரின் பெயர் எவ்வகையிலும் அவ்வுணர்வுக்குப் புறம்பாகாது.

இனி, அச்சத்துக்குரிய இடத்துக்கு வருவோம். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னரே வழிபடுவோரை இழந்துவிட்ட இங் தெய்வத்தைக் கண்டு கலங்கும் அதே குடும்பங்களிற் சில, பிள்ளையின் பெயரை எண்சாத்திரக்காரரிடம் காட்டாமல் முடிவு செய்வதில்லை. பிறந்த திகதிக்கு இந்தக் கூட்டுத்தொகை ஆகாது, ஆங்கிலத்தில் இன்னும் ஓர் எழுத்தைச் சேர்த்தால் அதிர்ஷ்டம் வரும் என்று அவர் சொன்னால், புனிதரின் பெயராயினும் எழுத்துக்கள் இரட்டிப்பாகின்றன. அவ்வாறு எண் பார்த்துத் திரித்த பெயரைப் பங்குப் பதிவேட்டில் எழுதும்படி கேட்பதற்கும் கூச்சமில்லை. இங்கிரிட் என்ற பெயரை இடும் தாய், ஃபிரெய்ரிடம் எதனையும் வேண்டுவதில்லை. கூட்டுத்தொகை பார்த்துப் பெயரிடும் தாயோ, தன் பிள்ளையின் வாழ்வை ஓர் எண் காக்கும் என உண்மையாகவே நம்புகிறாள். இவ்விரண்டில் எது விக்கிரக ஆராதனைக்கு அண்மையில் உள்ளது என்பதை வாசகரே தீர்மானிக்கட்டும். சோதிடம் உள்ளிட்ட குறி பார்க்கும் வழக்கங்கள் யாவும் முதற் கட்டளைக்கு மாறானவை எனக் கத்தோலிக்க மறைக்கல்வி ஏடு 2116ஆம் பகுதியில் ஐயத்துக்கு இடமின்றிக் கூறுகின்றது.

இதுவும் புதிய நோயன்று. பொன்வாய் அருளப்பர் என நாம் போற்றும் புனித கிறிசோஸ்தம், தம் காலத்துக் கிறிஸ்தவர்களிடையே நிலவிய ஒரு வழக்கத்தைக் கடுமையாகச் சாடினார். குழந்தை பிறந்ததும் பல விளக்குகளை ஏற்றி ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு பெயரை இடுவார்களாம்; எந்த விளக்கு நெடுநேரம் எரிகின்றதோ அதன் பெயரே குழந்தைக்கு. அவ்வாறு செய்தால் ஆயுள் நீளுமாம். அவர் கண்டித்தது பெயரை அன்று. பெயருக்குப் பின்னாலிருந்த நம்பிக்கையை. நீதிமான்களின் பெயர்களைப் பிள்ளைகளுக்கு இட்டு, அவர்களுடைய வாழ்க்கையைக் கதையாகச் சொல்லி வளருங்கள் என்பதும் அவர் பெற்றோருக்கு வழங்கிய அறிவுரை.

அக்கதை சொல்லும் வேலையைத்தான் நாம் பெரும்பாலும் செய்வதில்லை. ஓசை இனிது என்பதற்காக இங்கிரிட் என்று பெயரிட்டுவிட்டு, ஷென்னிங்கே மடத்தைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லாமல் பிள்ளையை வளர்த்தால், அது வெறும் ஓசையாகவே நின்றுவிடும். மேரி, அந்தோனி என்ற பெயர்களுக்கும் இதே கதிதான். கடவுச்சீட்டில் ஒரு பெயர், பதிவேட்டிற் பங்குத்தந்தைக்காக இன்னொரு பெயர் என்று இட்டு, இரண்டாவதை உறுதிபூசுதல் நாளன்றுதான் பிள்ளைக்கு நினைவூட்டும் வழக்கம் நம்மிடையே உண்டு. அதைக் காட்டிலும், ஒரே பெயரை இட்டு, ஆண்டுதோறும் செப்டெம்பர் 2ஆந் திகதி மெழுகுவர்த்தி ஒன்றை ஏற்றி, அம்மையாரின் யாத்திரையைக் கதையாகச் சொல்வது எளிது. வடநாட்டிலே நோபல் பரிசு பெற்ற நாவலாசிரியை சிகிரிட் உன்ட்செத் 1924ஆம் ஆண்டிற் கத்தோலிக்கரானதையும், தம் நாட்டுப் புனிதர்களின் வரலாறுகளை எழுதியதையும் பிள்ளை வளர்ந்தபின் சேர்த்துச் சொல்லலாம்.

பெயர் தமிழ் நாவில் வராதே என்று அப்பம்மா குறைப்பட்டால், அக்குறைக்கும் நம் முன்னோரிடமே மருந்துண்டு. இஞ்ஞாசியுஸ் அவர்கள் வாயில் இன்னாசியானார், சேவியர் சவிரியானார், யோவாக்கிம் சுவக்கீன் ஆனார். இங்கிரிட் என்பது இங்கிரித்தம்மா ஆவதற்கு ஒரு தலைமுறைகூடத் தேவைப்படாது.