அயற்பணி ஊழியர்களை நிரந்தரமாக ஈர்ப்பது: எங்கள் சங்கத்தின் நிலைப்பாடு

அயற்பணியில் சென்ற துறையிலேயே தன்னை நிரந்தரமாக்க வேண்டும் என்று கோரும் உரிமை எந்த ஊழியருக்கும் தானாக வந்துவிடாது. எங்கள் உறுப்பினர்கள் பலருக்கு இது கசக்கும். "பத்து வருஷம் ஆகிவிட்டது, இனி என்னை யார் அனுப்ப முடியும்?" என்று கேட்டு வருகிறவர்களிடமும் இதைத்தான் சொல்கிறோம். மத்திய ரிசர்வ் காவல் படையிலிருந்து சிபிஐக்குச் சென்ற குணால் நந்தாவின் வழக்கில், 2000இல் உச்ச நீதிமன்றம் இதை முடித்துவைத்தது. அயற்பணியில் இருப்பவரை எப்போது வேண்டுமானாலும் தாய்த்துறைக்குத் திருப்பி அனுப்பலாம். எத்தனை ஆண்டு வேலை பார்த்தார் என்பதால் மட்டும் ஈர்ப்புக்கு உரிமை பிறக்காது.

ஆனால் அதே தீர்ப்பு ஒரு வாசலையும் திறந்துவைத்திருக்கிறது. சட்டமோ, விதியோ, சட்ட வலுவுள்ள ஆணையோ ஈர்ப்புக்கு இடம் தந்தால், அதன் அடிப்படையில் ஊழியர் கோரலாம். எங்கள் நிலைப்பாடு இந்த வாசலில்தான் தொடங்குகிறது. உத்தரப் பிரதேசத்தில் அரசு ஊழியர்களைப் பொதுத்துறை நிறுவனங்களில் ஈர்ப்பதற்கு 1984இல் விதிகள் வந்தன. அவற்றை வைத்துப் போராடிய ராமேஸ்வர் பிரசாத்தின் வழக்கில் 1999இல் உச்ச நீதிமன்றம் சொன்னது முக்கியமானது: ஈர்ப்பதா வேண்டாமா என்பது கொள்கை முடிவுதான், ஆனால் கொள்கையை ஏற்று விதியும் வகுத்த பிறகு, ஒருவரின் விண்ணப்பத்தை நிராகரிக்க நியாயமான காரணம் வேண்டும். அவர் அந்த நிறுவனத்தில் ஈர்க்கப்பட்டதாகவே நீதிமன்றம் ஏற்றது. ஆக, ஊழியருக்கு இருப்பது பாரபட்சமின்றிப் பரிசீலிக்கப்படும் உரிமை. அந்த உரிமையும் விதி இருந்தால்தான் உயிர்பெறும். விதியே வகுக்காமல் இருப்பது நிர்வாகத்துக்கு வசதி. இந்த வசதியைத்தான் நாங்கள் எதிர்க்கிறோம்.

மத்திய அரசின் 2010 ஜூன் 17 குறிப்பாணைப்படி அயற்பணி பொதுவாக 5 ஆண்டுகளைத் தாண்டக் கூடாது. 2016இல் தேவைப்படும் இடங்களில் 7 ஆண்டுகள்வரை நீட்டிக்க வழிசெய்தார்கள். குறித்த காலத்துக்கு ஒருவரை அனுப்பிவிட்டு, தகுந்த காரணமில்லாமல் இடையில் வெட்டக் கூடாது என்று 2005இல் ராமகிருஷ்ணன் வழக்கிலும் தீர்ப்பு வந்துவிட்டது. ஏட்டில் எல்லாம் ஒழுங்குதான். அலுவலகத்தில் நடப்பது வேறு. காலம் முடிந்து பல வாரங்கள் கழித்து, முன்தேதியிட்டு நீட்டிப்பு ஆணை வரும். அதுவரை சம்பளப் பட்டியலில் பெயர் இருக்காது. பணிப்பதிவேடு இரண்டு அலுவலகங்களுக்கு நடுவே அலையும். ஓய்வூதியப் பங்களிப்பு கட்டியதற்கான சலான் எந்தக் கோப்பில் இருக்கிறது என்று இரண்டு பக்கமும் கை விரிப்பார்கள். ஓய்வுபெறும் நேரத்தில் கணக்காயர் அலுவலகம் அந்த ஆண்டுகளைக் கேட்டுக் கோப்பைத் திருப்பி அனுப்பும். பங்களிப்பு கட்ட வேண்டியது அயற்பணி நிறுவனம். ஓய்வூதியம் தாமதமாகி அவதிப்படுவது ஊழியர்.

விரும்பிப் போனவரையும், போக நேர்ந்தவரையும் ஒரே தராசில் நிறுத்தக் கூடாது என்பதையும் வலியுறுத்துகிறோம். அனுப்பும் துறை, பெறும் துறை, ஊழியர் ஆகிய மூவரின் இசைவும் சேர்ந்ததுதான் அயற்பணி என்று உமாபதி சவுத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. அடிப்படை விதி 110உம் விருப்பத்துக்கு மாறாக அயற்பணிக்கு அனுப்பக் கூடாது என்கிறது. ஆனால் அரசுக்குச் சொந்தமான அமைப்புகளுக்கு அனுப்பும்போது அதற்கு மத்திய விதியில் விலக்கு உண்டு. 2013இல் தனிச் சட்டம் மூலம் தமிழக அரசு ஏற்ற அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தை எண்ணிப் பாருங்கள். உபரி என்று கணக்கிடப்பட்டு அரசுக் கல்லூரிகளுக்கும் அலுவலகங்களுக்கும் அயற்பணியில் போன ஆசிரியர்களும் ஊழியர்களும் பதவி தேடிக் கிளம்பியவர்கள் அல்லர். திரும்பிப் போக அவர்களுக்குப் பணியிடம் ஏது? இப்படிப்பட்டவர்களிடம் குணால் நந்தா தீர்ப்பை நீட்டுவது அநீதி. அவர்களுக்கு நிரந்தர ஈர்ப்பே முறையான தீர்வு.

மனம் வைத்தால் அரசால் இது முடியும். 2000 அக்டோபர் 1இல் பிஎஸ்என்எல் தொடங்கியபோது தொலைத்தொடர்புத் துறை ஊழியர்கள் அயற்பணியில் இருப்பதாகவே கருதப்பட்டார்கள். பிறகு விருப்பம் கேட்டு ஈர்த்துக்கொண்டார்கள். அவர்களுடைய ஓய்வூதியத்துக்கென மத்திய அரசின் ஓய்வூதிய விதிகளில் 37-ஏ என்ற தனி விதியே சேர்க்கப்பட்டது.

ஈர்ப்பு என்றதும் பெறும் துறையின் சொந்த ஊழியர்கள் பதறுகிறார்கள். அந்தப் பதற்றம் நியாயமானது. அவர்களும் எங்கள் தோழர்கள்தாம். பதவி உயர்வுக்கென்று ஒதுக்கிய இடத்தை வெளியிலிருந்து வந்தவரைக் கொண்டு நிரப்புவதை நாங்கள் ஆதரிக்க மாட்டோம். நேரடி நியமன ஒதுக்கீட்டில் காலியாக உள்ள இடங்களே இதற்கு உரியவை. அதே நேரம், ஈர்க்கப்பட்டவரின் பழைய சேவையை அழிப்பதையும் ஏற்க மாட்டோம். எல்லைப் பாதுகாப்புப் படையிலிருந்து டெல்லி காவல்துறைக்கு வந்த உதவி ஆய்வாளர்களுக்காக 1999 டிசம்பரில் ரூப்லால் வழக்கில் வந்த தீர்ப்பு, சமமான பதவியில் தாய்த்துறையில் ஆற்றிய சேவையும் பணிமூப்பில் சேரும் என்றது. 2001இல் மத்திய அரசு பணிமூப்பு குறித்த தன் குறிப்பாணையையே அதற்கேற்ப மாற்றியது. மாநிலத் துறைகளும் இதைப் பின்பற்ற வேண்டும்.

அரசிடம் நாங்கள் கேட்பது இதுதான். ஒவ்வொரு துறையும் ஈர்ப்புக்கு எழுத்து வடிவில் விதி வகுக்கட்டும். அயற்பணிக் காலம் முடிய ஆறு மாதம் இருக்கும்போதே ஈர்ப்பா, திரும்பலா என்று முடிவு சொல்லட்டும். மறுத்தாலும், தாய்த்துறை தடையின்மைச் சான்று தர மறுத்தாலும், காரணத்தை எழுதித் தரட்டும். திரும்புகிறவருக்கு இடைக்காலத்தில் தாய்த்துறையில் தவறிய பதவி உயர்வைக் கணக்கிட்டுக் கொடுக்கட்டும்.

உறுப்பினர்களுக்கு ஒரு வார்த்தை. ஈர்ப்பு ஆணை கைக்கு வரும் முன் தாய்த்துறையில் உங்கள் லீனை (பணியிட உரிமையை) விட்டுக்கொடுத்து எதிலும் கையெழுத்திடாதீர்கள். ஒவ்வொரு நீட்டிப்பு ஆணையையும், பங்களிப்புச் சலானையும் நகலெடுத்து உங்களிடம் வைத்துக்கொள்ளுங்கள். பணிப்பதிவேட்டை ஆண்டுக்கு ஒருமுறையாவது கேட்டு வாங்கிப் பாருங்கள்.