தம்பியும் மருமகனும்: ஒரு மௌனப் படத்தின் உறவுச்சொற்கள்

அமெரிக்க மௌனப் பட யுகத்தின் கௌபாய் கதைகளில் மீண்டும் மீண்டும் எழும் கேள்வி ஒன்றுண்டு: குற்றவாளி உடன்பிறந்தவனாகவே இருப்பின், நாயகன் சட்டத்தின் பக்கம் நிற்பானா, இரத்தத்தின் பக்கம் நிற்பானா? அக்கதைகளில் சட்டம் வேறு, குடும்பம் வேறு.

1933இல் நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தர்ராஜ் தயாரித்து, பி. வி. ராவ் இயக்கிய ‘மார்த்தாண்ட வர்மா’ என்னும் மௌனப் படத்தில் இப்பிரிவினை செல்லாது. சி. வி. ராமன் பிள்ளை 1891இல் வெளியிட்ட புதினமே அதன் மூலம். திருவிதாங்கூர் அரியணை மருமக்கள்தாய முறைப்படி மருமகனுக்கு உரியது. மன்னரின் மகன்களான தம்பிமார் அதைக் கைப்பற்றச் சதி செய்கின்றனர். இங்குக் குடும்பம் யாது என வரையறுப்பதே சட்டம்தான்.

இன்றைய தமிழ் வாசகர் இடறும் இடமும் இதுவே. ‘தம்பி’ இங்கே இளைய உடன்பிறந்தானைக் குறிப்பதன்று. அரசுரிமையற்ற அரச மைந்தர்க்குரிய பட்டம். ‘மருமகன்’ மகளின் கணவன் அல்லன், தாய்மாமனின் வாரிசு. இவ்வேறுபாட்டை விளக்காமல் திரையிட்டால், தந்தைவழி மரபில் வளர்ந்த பார்வையாளர் தம்பிமாரை உரிமை இழந்த மகன்களாகக் காண்பர். படமோ அவர்களைத் துரோகிகளாகக் காட்டுகிறது. குற்றம் எது என்பதை உறவுச்சொல்லே முடிவு செய்கிறது.

படத்தின் விதியும் ஓர் உரிமை வழக்கே. புதினத்தின் பதிப்புரிமையைக் கொண்டிருந்த கமலாலயா புத்தக நிலையம் நீதிமன்றத்தை நாடியது, திரையிடல் நின்றது, படச்சுருள் முடங்கியது. 1974இல் புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதனைப் பெற்றது. இந்தியாவில் உருவான 1,300க்கும் மேற்பட்ட மௌனப் படங்களுள் மிகச் சிலவே எஞ்சியுள்ள நிலையில், படத்தை முடக்கிய வழக்கே அதைக் காத்தும் தந்தது எனலாம்.

ஆயினும் சுருளைக் காப்பது பாதிப் பணியே. இப்படத்தை ‘புதினத்தின் திரைவடிவம்’ என்று மட்டும் பாடத்திட்டத்தில் குறித்து நகர்வது போதாது. உறவுமுறைக் குறிப்புகளுடன் கூடிய கல்விசார் பதிப்பு ஒன்று தேவை. அது மொழியியலாளரும் திரை ஆய்வாளரும் சேர்ந்து செய்ய வேண்டிய பணி. விஷ்ராந்த்வாடியில் தங்கிப் பயிலும் தென்னாட்டு மாணவர்க்கு அச்சுருள் அதே நகரத்தில்தான் இருக்கிறது. அதன் சொற்களுக்குப் பொருள் சொல்வோரே இன்னும் வரவேண்டும்.